கோட்டுக்குப் பின்னால்

கைபேசி ஏழு என்கிறது,
என் வாய் ஒன்று என்கிறது.
தார் எஸ் ஸலாமில் வெளிச்சம் வந்த பிறகுதான்
மணியை எண்ணத் தொடங்குவோம்.
கம்பெனிக்காரர்களுக்கு அது கணக்கில்லை.
டலாடலா வேனின் நடத்துனன்
தகரத்தில் இரண்டு தட்டுத் தட்டுவான்,
அந்த நேரத்துக்குள் இறங்கிவிட வேண்டும்,
நானும் பையும் கஞ்சி ஃபிளாஸ்க்கும்.

மஞ்சள் குடையை விரித்தால் கடை திறந்தாயிற்று.
மூன்று கம்பெனிக்கு மூன்று போன்,
ஒரே நாற்காலி.
பள்ளிக் கட்டணம், கறிக்கடைப் பாக்கி,
'அவளுக்குத் தெரியாமல் அனுப்பு' என்று
குரலைத் தாழ்த்துகிறவர்கள்.
ஊரின் ரகசியமெல்லாம் பத்து இலக்கம்தான்.
ஓர் இலக்கம் பிசகினால்
இங்கே போட்ட பணம் ம்வான்ஸாவில்
யார் வீட்டுக் கூரையாகவோ ஆகிவிடும்.

சிகுதானி என்று பெயர் எனக்கு.
நினைக்கவேயில்லை என்று அர்த்தம்.
ஐந்து பையன்களுக்குப் பிறகு
அம்மா வாயிலிருந்து வந்தது அதுதானாம்,
அப்படியே எழுதிக்கொண்டார்கள்.

சாலையை அகலமாக்குகிறார்கள்.
ஆரஞ்சுச் சட்டைக்காரர்கள் சுண்ணாம்பில் கோடு கிழித்து
இதற்குப் பின்னால் போ என்றார்கள்.
போனேன்.
இரண்டு மாதத்தில் கோடு என்னைத் தேடிக்கொண்டு வந்தது.
மறுபடியும் போனேன்.
என் மேசை முதலில் நின்ற இடத்தில்
இப்போது நீளமான நீலப் பஸ் வந்து நிற்கிறது,
கதவு தானே திறக்கிறது.
பொய் சொல்வானேன்,
மழை நாளில் நானும் அதில்தான் போகிறேன்.
ஜன்னலோரம் கிடைத்தால் சந்தோஷம் வேறு.

ஸ்டுமாயின் சப்பாத்திக் கடைச் சுவரில்
போன செவ்வாய் சிவப்பில் ஒரு பெருக்கல் குறி.
இந்தக் குறி விழுந்த எதுவும் பெருகியதில்லை.
அவள் அதன்மேல் விலைப்பலகையை மாட்டிவிட்டு
எண்ணெயைச் சூடாக்கினாள்.
வலது கால் மட்டும் கொஞ்சம் நீண்ட குறி,
ஓடப்போகிறவன் மாதிரி.

அந்தக் காலை எங்கோ பார்த்திருக்கிறேன்.
எங்கே என்று சனிக்கிழமைதான் தெரிந்தது,
என் நோட்டில்.
கொண்டோ.
கிலோசாவிலிருக்கும் அம்மாவுக்கு
வாராவாரம் இருபதாயிரம் ஷில்லிங்.
நகக்கண்ணில் சிவப்பு.
மற்றவர்கள் கிறுக்கிவிட்டுப் போகும் கட்டத்தில்
அவன் நிதானமாக இரண்டு கோடு போடுவான்,
வலது கோடு கட்டத்தைத் தாண்டிவிடும்.

சொல்ல என்னிடம் நாலைந்து வாக்கியம் இருந்தது.
கட்டணத்தைச் சொன்னேன்.
நோட்டுகளை நீவிக்கொண்டே
இந்தப் பக்கம் அறை ஏதாவது காலியிருக்கா என்றான்.
உன் அறைக்கு என்ன?
குறி போட்டாச்சு.
யார் போட்டது?
வேற ஆள். சொந்தத் தெருவில் எங்களை விடமாட்டாங்க.
சிரிக்கத்தான் நினைத்தான் போல,
பாதியில் விட்டுவிட்டான்.
ஆறு மாத வாடகை முன்பணம் கேட்பார்கள் என்றேன்.
எனக்கே நாலு மாதம்தான் சேர்ந்திருக்கிறது,
அதைச் சொல்லவில்லை.

அம்மாவுக்குப் புது சிம்மாம்.
அவன் நீட்டிய துண்டுச்சீட்டில்
கடைசி எண் வியர்வையில் கலைந்திருந்தது.
ஒன்றா, ஏழா?
உதட்டை அசைத்து முதலிலிருந்து சொல்லிப் பார்த்தான்,
கடைசிக்கு வந்ததும் நின்றுபோனான்.
வரிசை முணுமுணுத்தது.
ஒன்று, என்றான்.
ஏழு ஒரு விரல் தூரத்தில் இருந்தது.
நினைக்கவேயில்லை என்று சொல்ல மாட்டேன்.
ஒன்றை அழுத்தினேன்.
திரையில் பெயர் வந்தது,
அவன் அதைப் படித்துவிட்டு மூச்சு விட்டான்.

நோட்டில் கால் நீண்ட குறி ஒன்று கூடியது.
குடைமேல் முதல் துளிகள் விழுந்தன.
மேசையின் மறுமுனையை அவன் தூக்கினான்,
நான் கேட்கவில்லை.
மழைக்காக இரண்டடி தள்ளி வைத்தோம்.
கோடு இங்கே இன்னும் வரவில்லை.